பீரோவில் பூட்டிய கிண்ணம்

எனக்கு எழுபத்து மூன்று வயது. பெற்றது ஐந்து, வளர்த்தது ஏழு. என் ஓரகத்தி போய்ச் சேர்ந்தபோது விட்டுப் போன இரண்டையும் சேர்த்துத்தான் ஏழு. ஏழுக்கும் ஒரே சட்டியில் சோறாக்கிப் போட்டேன். இவனுக்கு ஜாஸ்தி, அவளுக்குக் கம்மி என்று ஒரு வாய் என்னைப் பார்த்துச் சொன்னதில்லை. இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஏனென்றால் போன ஆடியிலிருந்து ஐப்பசி வரைக்கும், என் வீட்டிலேயே, என் அடுப்படியிலேயே, என் கை சுத்தமில்லாத கை என்று ஒரு பேச்சு ஓடியது.

எனக்கு எழுத்து அதிகம் வராது. கையெழுத்துப் போடுவேன். பஸ்ஸின் நெற்றியில் இருக்கிற ஊர்ப் பெயரை நான் எழுத்துக் கூட்டி முடிப்பதற்குள் பஸ் போய்விடும். அதனால் நான் சொல்லச் சொல்ல என் பேத்தி எழுதுகிறாள். நான் பேசுகிறபடியே எழுதினால் நன்றாக இருக்காது என்று பள்ளிக்கூடத் தமிழில் மாற்றி எழுதுகிறாளாம். மாற்றும்போது வேறு எதையெல்லாம் மாற்றுகிறாள் என்று எனக்குத் தெரியாது. அவள் யாருக்கு மகள் என்பதை நான் மறக்கவில்லை.

எங்கள் ஊர் கள்ளக்குறிச்சிக்குப் பக்கம். மேற்கே பார்த்தால் கல்வராயன் மலை தெரியும். மழை வருகிற நாளில் கிட்டத்தில் வந்து நிற்கும், மற்ற நாளில் தள்ளிப் போய்விடும். என் கடைசி மகன்தான் என்னோடு இருக்கிறான். கரும்பும் நெல்லும் வைத்திருக்கிறான். அவன் மனைவி, அதாவது என் மருமகள், மலை அடிவாரத்தில் இருக்கிற கச்சிராயபாளையத்துப் பெண். அவர்களுக்கு ஒரே மகள். இப்போது பேனாவைப் பிடித்துக்கொண்டிருக்கிறாளே, அவள்தான்.

ஆடி மாதம் ஒரு நாள் மகன் ஒரு பெரிய அட்டைப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு வந்தான். உள்ளே ஒரு இரும்புப் பெட்டி. அதற்குக் கண்ணாடிக் கதவு. கிரைண்டர் இருந்த இடத்தில் அதை வைத்தார்கள். கிரைண்டர் நகர்ந்தது, என் பலகை நகர்ந்தது. என்னை யாரும் கேட்கவில்லை.

"இன்னா பொட்டி இது?" என்றேன்.

"ஓவன் அத்த. பிஸ்கட்டு சுடறது."

"பிஸ்கட்டுதான் கடையில விக்கிதே."

"இது அந்த பிஸ்கட்டு இல்ல அத்த. இத்தாலி நாட்டு பிஸ்கட்டு. வெரலு மாதிரி இருக்கும்."

"யாரு வெரலு?"

பேத்தி சிரித்தாள். நான் சிரிப்புக்குக் கேட்கவில்லை. ஒரு நாட்டில் பிஸ்கட்டை விரல் மாதிரி செய்கிறார்கள் என்றால் அதற்கு ஒரு காரணம் இருக்கும். அதைத்தான் கேட்டேன்.

காரணம் பிறகு தெரிந்தது. கள்ளக்குறிச்சி பஸ் நிலையத்துக்குப் பின்னால் புதிதாக ஒரு கேக் கடை வைத்திருக்கிறார்கள். அங்கே ஒரு இனிப்பு விற்கிறார்களாம். இந்த விரல் பிஸ்கட்டைக் காபியில் முக்கி அடுக்கி, மேலே ஆடை மாதிரி ஒன்றைப் பூசி, கிண்ணத்தில் வைத்துக் கொடுப்பார்களாம். பிஸ்கட் புதுச்சேரியிலிருந்து வரவேண்டும். வரும்போதே பாதி உடைந்துவிடும். பக்கத்தில் யாராவது நன்றாகச் செய்து கொடுத்தால் வாரா வாரம் எடுத்துக்கொள்கிறேன் என்று கடைக்காரர் சொல்லியிருக்கிறார். என் மருமகள் அதைப் பிடித்துக்கொண்டாள். போனில் பார்த்துப் பார்த்துக் கற்றுக்கொண்டாள்.

நான் பலகையைத் தள்ளிப் போட்டு உட்கார்ந்து பார்த்தேன். மேற்பார்வை என்று வைத்துக்கொள்ளுங்கள். முட்டையை உடைத்து, கையைக் குவித்து அதில் ஊற்றுவாள். மஞ்சள் கரு உள்ளங்கையில் நின்றுவிடும், வெள்ளைக் கரு விரல் இடுக்கில் வழிந்து எவர்சில்வர் கிண்ணத்தில் விழும். மஞ்சளைச் சர்க்கரையோடு தனியாக அடிப்பாள். வெள்ளையை மிஷினால் அடிப்பாள். அது கடகடவென்று வீடே அதிர அடிக்கும். தண்ணீர் மாதிரி இருந்த வெள்ளைக் கரு, கோமுகி அணையில் மதகைத் திறந்தால் பொங்குகிற நுரை மாதிரி ஏறும். பிறகு இரண்டையும் சேர்த்து மைதாவைச் சலித்துப் போட்டு, கிண்டாமல், அடியிலிருந்து மெதுவாகப் புரட்டுவாள். மருதாணிக் கோன் மாதிரி ஒரு பையில் நிரப்பி, காகிதத்தின் மேல் விரல் விரலாகப் பிழிவாள். மேலே பொடித்த சர்க்கரையைத் தூவி, அது ஊறினதும் இன்னொரு தரம் தூவி, உடனே பெட்டிக்குள் தள்ளுவாள். வெண்ணெய் கிடையாது, எண்ணெய் கிடையாது, சோடா கிடையாது. வெறும் முட்டைக் காற்றில் எழும்ப வேண்டிய பண்டம்.

முதல் தரம் நன்றாக வந்தது. கடை முட்டையில் செய்தாள். ஒன்று எனக்குக் கொடுத்தாள். காபியில் வைத்தேன், எடுப்பதற்குள் பாதி உள்ளே போய்விட்டது. மீதியை வாயில் போட்டேன். இனிப்பாக ஏதோ இருந்தது, பிறகு ஒன்றும் இல்லை.

"எப்டி அத்த இருக்குது?"

"இருந்துச்சி," என்றேன்.

இதற்கு யார் காசு கொடுப்பார்கள் என்று எனக்குச் சந்தேகம். ஆனால் கடைக்காரர் வாங்கிக்கொண்டார். ஒன்று மட்டும் சொன்னார்: நிறம் வெளுப்பாக இருக்கிறது, நாட்டுக்கோழி முட்டையில் செய்தால் நல்ல மஞ்சள் வரும், இனிமேல் அதில்தான் வேண்டும் என்று.

என்னிடம் கோழி இருக்கிறது. நான்கு பெட்டை. சேவலைத்தான் கீரி கொண்டுபோய்விட்டது. "எங்கோழி முட்டய எடுத்துக்கோயேன்," என்றேன். இந்த வயதில் நானாக ஒன்றைக் கொடுக்கிறேன் என்று சொல்வது அதிசயம்.

"வேணாம் அத்த. எங்கம்மா அனுப்பறன்னு சொல்லிட்டாங்க."

அவள் அம்மா, என் சம்பந்தி, கைகாரி. வாய்க்கு வாய் 'சம்மந்தி, சம்மந்தி' என்பாள். எதையும் சும்மா கொடுக்கமாட்டாள். மகளுக்கு என்று ஒரு கூடை கொடுத்தால், அதற்குள் எனக்கு என்று ஒரு சொல் இருக்கும். இப்போது கூடை கூடையாக முட்டை அனுப்ப ஆரம்பித்தாள். கச்சிராயபாளையத்தில் டவுன் பஸ் கண்டக்டரிடம் கொடுத்துவிடுவாள், என் மகன் நிறுத்தத்தில் நின்று வாங்கிக்கொண்டு வருவான். எனக்கு அப்போதே மனசு ஒப்பவில்லை. இத்தனை முட்டை இலவசமாக ஒரு வீட்டுக்கு வருகிறது என்றால் அந்த வீட்டிலிருந்து ஏதோ போகப் போகிறது.

அந்த முட்டை வந்த நாளிலிருந்து பிஸ்கட் படுத்துவிட்டது. வெள்ளைக் கரு எழும்பவே இல்லை. மிஷின் கத்தும், மருமகள் கை மாற்றிப் பிடிப்பாள், கிண்ணத்தில் கஞ்சித் தண்ணீர் மாதிரி ஒன்று சுற்றிக்கொண்டு நிற்கும். அதையும் பிழிந்து சுட்டுப் பார்த்தாள். விரல் விரலாக வைத்தது ஒன்றோடொன்று ஒட்டி அப்பளம் மாதிரி பரவிவிட்டது. கடைக்காரர் திருப்பி அனுப்பிவிட்டார். அடுத்த வாரமும் அப்படியே.

அதற்குப் பிறகுதான் கிண்ணம் காணாமல் போனது.

எவர்சில்வர் கிண்ணம் எப்போதும் மேடைமேல் இருக்கும். ஒரு நாள் இல்லை. தேடினேன். பாத்திர அடுக்கில் இல்லை, பரணில் இல்லை. சாயங்காலம் மருமகள் சாவியை எடுத்துக்கொண்டு உள் அறைக்குப் போனாள். பட்டுப் புடவையும் நகையும் வைக்கிற பீரோவைத் திறந்தாள். கிண்ணத்தை வெளியே எடுத்தாள். வெள்ளைத் துணியில் சுற்றி வைத்திருந்தாள், கலியாணச் சீர் மாதிரி.

ஒரு கிண்ணத்தை நகையோடு வைத்துப் பூட்டுகிறாள் என்றால் யாருக்காகப் பூட்டுகிறாள்? வீட்டில் இருப்பது நான்கு பேர். ஒருவர் அவள். ஒருவர் அவள் கணவன். ஒருவர் அவள் மகள்.

நான் கேட்கவில்லை. கேட்டால் 'தூசி படுது அத்த' என்பாள். காதைத் தீட்டிக்கொண்டு இருந்தேன். இரண்டு நாள் கழித்துக் குழாயடியில் கீரை அலசிக்கொண்டிருக்கும்போது சன்னலுக்கு உள்ளே அவள் அம்மாவோடு போனில் பேசினாள். வேலை செய்துகொண்டே பேசுவதற்காக ஸ்பீக்கரில் போட்டிருந்தாள்.

"நல்லாத்தாம்மா கழுவறேன். வெந்நி ஊத்திக் கழுவி, எலுமிச்சம்பழம் போட்டுத் தொடைக்கறேன். ஒரு சொட்டு எண்ண பட்டாலே வெள்ளக்கரு எழும்பாதாம். இங்க இன்னா, காலையில எழுந்தா அத்த முட்டிக்கி வேப்பெண்ண தேச்சிக்கினுதான் வருது. அந்தக் கையோட எல்லாத்தயும் தொடுது."

"வேணும்னே தொடுதோ இன்னாவோ."

"அப்டி சொல்லல. ஆனா…"

"நான்தான் சொன்னனே. பொட்டியத் தூக்கிக்கினு இங்க வந்துடு. இங்க வந்து சுடு. எப்டி எழும்புது பாரு."

கீரை கையிலேயே இருந்தது. 'வேணும்னே' என்ற சொல் என்னைச் சுட்டது. அதைவிட அந்தக் கடைசிச் சொல்தான் காதில் தங்கிவிட்டது. இங்கே வந்து சுடு, எப்படி எழும்புகிறது பார். அது எப்படி அவளுக்கு முன்கூட்டியே தெரியும்?

அன்றிலிருந்து என் வேப்பெண்ணெய் பாட்டிலை மாட்டுக்கொட்டகையில் வைத்தேன். அங்கேயே தேய்த்து, அங்கேயே சீயக்காய் போட்டுக் கை கழுவி, முந்தானையில் துடைத்து, பிறகுதான் வீட்டுக்குள் வந்தேன். மேடைப் பக்கம் போகவில்லை. உப்பு வேண்டும் என்றால்கூடப் பேத்தியை எடுத்துத் தரச் சொன்னேன். மருமகள் அதையும் பார்த்தாள். 'ஏன் அத்த இப்ப மட்டும் ஒதுங்குது' என்று அதற்கும் ஒரு சந்தேகம் அவள் முகத்தில் வந்தது. தொட்டாலும் குற்றம், தொடாவிட்டாலும் குற்றம்.

நான் தொடாமல் இருந்தும் வெள்ளைக் கரு எழும்பவில்லை. அதை யாரும் என் கணக்கில் வரவு வைக்கவில்லை.

தீபாவளிக்குக் கடைக்காரர் மறுபடி கேட்டு அனுப்பினார். இது கடைசித் தடவை, இதுவும் படுத்தால் புதுச்சேரியிலிருந்தே வாங்கிக்கொள்கிறேன் என்று. அன்று சாப்பிடும்போது மருமகள் என் மகனிடம் சொன்னாள். எனக்குக் கேட்க வேண்டும் என்றுதான் சொன்னாள்.

"இந்த தபாவும் வரலன்னா நான் எங்கம்மா வூட்டுக்கு ஓவன எடுத்துக்கினு போயிடறேன். பாப்பாவ அங்கயே ஸ்கூல்ல சேத்துடலாம். சனி ஞாயிறு வந்துட்டுப் போறோம்."

"அம்மா?" என்றான் அவன், சோற்றைப் பார்த்துக்கொண்டே.

"இன்னா அம்மா? அத்தைக்கும் நிம்மதி. அடுப்படி அவங்களுக்கே இருக்கும்."

"டேய், உன் வாயில இன்னா இருக்குது, கொழுக்கட்டையா?" என்றேன். "பதில் சொல்லேன்."

"நீங்க ரெண்டு பேரும் பேசிக்கோங்கம்மா," என்று கை கழுவப் போய்விட்டான்.

ஏழு பிள்ளைகள் இரைந்த வீடு. இப்போது இரைச்சல் என்று இருப்பது இந்த ஒரு பெண்தான். காலையில் ஷூவைக் காணோம் என்று கத்துவாள், சாயங்காலம் பையை வீசிவிட்டு 'ஆயா, இன்னா இருக்குது தின்ன' என்பாள். அதுவும் கச்சிராயபாளையத்துக்குப் போய்விட்டால் இந்த வீட்டில் நானும், மிக்ஸி சத்தமும், டி.வி. பார்க்கிற என் மகனும். அதுவும் என் கை சுத்தமில்லை என்ற பெயரோடு. பெயரோடு நான் இருக்கமாட்டேன். அந்தப் பெண்ணையும் விடமாட்டேன். ஆனால் என்ன செய்வது என்று தெரியவில்லை.

தெரிய வைத்தது என் கோழி.

கறுப்புப் பெட்டை அடைக்கு உட்கார்ந்தது. சேவல் இல்லாததால் என் கோழிகளின் முட்டை பொரிக்காது. சம்பந்தி அனுப்பிய கூடையில் முட்டை இருந்தது. அதிலிருந்து ஐந்தை எடுத்தேன். கேட்காமல்தான் எடுத்தேன். என் வீட்டில் நான் யாரைக் கேட்பது? அடைக்கு வைக்கிற முட்டைக்கு நாங்கள் கரியால் ஒரு கோடு போடுவோம். மற்ற பெட்டைகள் வந்து அடைக் கூடையில் முட்டை போட்டுவிட்டுப் போகும். கோடு இருந்தால்தான் எது வைத்தது, எது புதிது என்று தெரியும். அடுப்புக்கரித் துண்டை எடுத்துக் கோடு போட்டேன். விழவில்லை. அழுத்திப் போட்டேன். கரி வழுக்கிக்கொண்டு ஓடியது, லேசாக ஒரு அழுக்குத் தடம் மட்டும் நின்றது. அடுத்த முட்டையும் அப்படியே. ஐந்தும் அப்படியே.

முட்டை ஓடு கரியை வாங்காது என்று நான் கேள்விப்பட்டதே இல்லை. முந்தானையால் துடைத்து, மோந்து பார்த்தேன். மல்லாட்டை எண்ணெய். டவுன்காரர்கள் கடலை எண்ணெய் என்பார்கள். செக்கில் ஆட்டிய எண்ணெயின் வாசனை.

எங்கள் வீட்டில் செக்கு எண்ணெய் கிடையாது. பாக்கெட் எண்ணெய்தான். சம்பந்தி வீட்டில் மல்லாட்டை போடுகிறார்கள், ஆட்டிக்கொள்கிறார்கள்.

மருமகள் முட்டையைக் கையில் பிடித்து உடைத்து, அதே கையில் வெள்ளைக் கருவை வழியவிடுவது என் கண்முன்னே வந்தது. கிண்ணத்தை எலுமிச்சம்பழம் போட்டுத் துடைத்து என்ன, பீரோவில் பூட்டி என்ன?

உடனே போய்ச் சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. என் கையில் எண்ணெய் என்று ஏற்கெனவே தீர்ப்பு எழுதி வைத்திருக்கிறாள். அந்தக் கையால் எண்ணெய் முட்டையை எடுத்துக்கொண்டு போய் 'இது உங்கம்மா செஞ்ச வேல' என்று நீட்டினால் நம்புவாளா? அத்தையே தடவிவிட்டு எங்கம்மா மேல் பழி போடுகிறாள் என்பாள். நானாக இருந்தாலும் அப்படித்தான் நினைப்பேன். கண்ணால் பார்க்க வேண்டும். பார்க்கும்போது ஒரு சாட்சி வேண்டும். சாட்சி அவள் பக்கத்து ஆளாக இருக்க வேண்டும்.

பள்ளிக்கூடம் இல்லாத நாளில் பேத்தியைக் கூட்டிக்கொண்டு டவுன் பஸ் ஏறினேன். பை நிறைய அவரைக்காய். முந்தானை முடிச்சில் கரித்துண்டு. மருமகளிடம் உரக்கடைப் பக்கம் போகிறேன் என்றேன்.

சம்பந்தி வாசலில் முறம் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். எங்களைப் பார்த்ததும் எழுந்தாள். முகம் சிரித்தது, கண் சிரிக்கவில்லை.

"வாங்க சம்மந்தி. இன்னா, சொல்லாம கொள்ளாம?"

"சொல்லிட்டு வர்றதுக்கு இது இன்னா கலெக்டர் ஆபீஸா? கொடியில அவரக்கா காச்சிக் கெடந்துச்சி. குடுத்துட்டுப் போலாம்னு."

"எங்க கொடியிலயும்தான் கெடக்குது," என்றாள். ஆனாலும் வாங்கி வைத்துக்கொண்டாள்.

காபி குடித்தோம். ஊர்க் கதை பேசினோம். அவள் என் பையைப் பார்த்தாள், நான் அவள் கூடத்தைப் பார்த்தேன். மூலையில் முட்டை இல்லாத வெறும் கூடை. அப்போது மலையிலிருந்து இறங்கி வீடு வீடாக விற்கிற ஒரு அம்மா வந்தாள். சம்பந்தி அனுப்புகிற முட்டை இவளிடம் வாங்குவதுதான். தலையில் அலுமினியக் குண்டான். இறக்கி வைத்தாள். உள்ளே சாமை அரிசி. அதற்குள் கையைவிட்டு ஒவ்வொரு முட்டையாக எடுத்தாள்.

முட்டைக்காரி மலையிலேயே எண்ணெய் தடவுகிறாளோ என்று எனக்கு ஒரு ஐயம் வந்தது. ஒரு முட்டையை வாங்கி, முடிச்சை அவிழ்த்து, கரியால் ஒரு கோடு இழுத்தேன். கறுப்பாக, நேராக விழுந்தது.

"இன்னாமே இது, முட்டைக்கி மை வெக்கிற?" என்றாள் அந்த அம்மா.

"கண்ணு பட்டுடும்னுதான்," என்றேன்.

"அப்டின்னா எனக்கும் ஒண்ணு வெச்சி வுடு. மல ஏறி எறங்கறேன், எல்லாக் கண்ணும் எம்மேலதான்."

எல்லோரும் சிரித்தோம். சம்பந்தி மட்டும் என் கையில் இருந்த கரியையே பார்த்துக்கொண்டிருந்தாள். நானும் ஒரு பை முட்டை வாங்கிக்கொண்டேன். சம்பந்தி தன் கூடையை நிரப்பிக்கொண்டாள். முட்டைக்கார அம்மா குண்டானைத் தூக்கிக்கொண்டு போனாள்.

அவள் போனதும் சம்பந்தி உள்ளே போய் ஒரு கிண்ணமும் கந்தல் துணியும் எடுத்து வந்தாள். உட்கார்ந்தாள். துணியைக் கிண்ணத்தில் முக்கினாள். பூண்டு உரிக்கிற மாதிரி, பேச்சும் நிற்காமல் கையும் நிற்காமல், ஒவ்வொரு முட்டையாகத் துடைத்துக் கூடையில் வைத்தாள்.

"இன்னா சம்மந்தி பண்றீங்க?"

"மல்லாட்ட எண்ண. மேல தடவி வெச்சா முட்ட கெடாது. பஸ்ஸு சூட்டுல போவுதில்ல."

"எப்பத்திலேர்ந்து?"

"எங்கம்மா தடவுனாங்க, நான் தடவறேன். ஏன், ஒங்கூட்ல தடவ மாட்டீங்களா?"

"நாங்க அரிசிப் பானையில வெப்போம்."

"அரிசிப் பானையிலயா? சோறு நாறாது?"

"இது வரைக்கும் தின்னவங்க யாரும் சொல்லல."

பேத்தி வாயைத் திறந்தாள். நான் தொடையில் ஒரு கிள்ளு கிள்ளினேன். மூடிக்கொண்டாள்.

கிளம்பும்போது சம்பந்தி, தடவிய முட்டையில் ஒரு பை போட்டுக் கொடுத்தாள். "எம் பொண்ணுகிட்ட குடுங்க. நீங்க எடுத்துக்கினு போறீங்க, பத்திரம்," என்றாள். அந்தப் 'பத்திரம்' முட்டைக்குச் சொன்னதா, எனக்குச் சொன்னதா?

பஸ்ஸில் கரும்பு டிராக்டருக்குப் பின்னால் ஊர்ந்து வரும்போது பேத்தி தொடையைத் தேய்த்துக்கொண்டே கேட்டாள். "ஏன் ஆயா கிள்ன? அங்கயே சொல்லியிருக்கலாமில்ல?"

"சொன்னா ஒங்க அந்த ஆயா மொதல்ல அழுவும். அப்புறம் ஒங்கம்மாளுக்கு போன் போடும். நாம பஸ்ஸு எறங்கறதுக்குள்ள, நான் அவங்கூட்டுக்குப் போயி சண்ட இழுத்தேன்னு ஆயிடும். நீ இன்னா பாத்த, அத மட்டும் நெனப்புல வெச்சிக்க."

வீட்டுக்கு வந்தோம். மருமகள் வாசலிலேயே நின்றாள்.

"எங்க அத்த போயிருந்தீங்க? ஒரக்கடையில இம்மா நேரமா?"

"ஒங்கம்மா வூட்டுக்கு."

அவள் முகம் மாறியது. நான் இரண்டு பையையும் மேடைமேல் வைத்தேன். எத்தனை நாள் கழித்து அந்த மேடைக்குப் பக்கத்தில் போனேன். கரித்துண்டை அவள் கையில் கொடுத்தேன்.

"இது ஒங்கம்மா குடுத்தது. இது மலக்காரம்மாகிட்ட நான் வாங்கனது. ரெண்டுத்துலயும் ஒரு கோடு போடு."

"எதுக்கு?"

"போடேன். கோடு போட்டா கொறஞ்சா பூடுவ?"

மலை முட்டையில் போட்டாள். விழுந்தது. அம்மா முட்டையில் போட்டாள். வழுக்கியது. இன்னொன்றில் போட்டாள். வழுக்கியது. விரலைத் தேய்த்துப் பார்த்தாள். மோந்தாள். தன் பிறந்த வீட்டு எண்ணெய் வாசனை ஒரு பெண்ணுக்குத் தெரியாமல் போகுமா?

"இது நீங்க…" என்று ஆரம்பித்தாள்.

"நான் தடவுனேன்னு சொல்ல வரியா? எங்கிட்ட இருக்கறது வேப்பெண்ண. மாட்டுக்கொட்டாயில இருக்குது. வேணும்னா அதயும் எடுத்தாந்து மோந்து பாரு."

"நான் பாத்தேம்மா," என்றாள் பேத்தி. "அந்த ஆயாதான் கிண்ணத்துல துணிய முக்கி முக்கி எல்லா முட்டைக்கும் தடவுச்சி. ஆயா தொடவே இல்ல. என்ன மட்டுந்தான் கிள்ளுச்சி."

மருமகள் உள்ளே போனாள். பீரோ திறக்கிற சத்தம் கேட்டது. கிண்ணத்தோடு வந்தாள். கையைச் சோப்பு போட்டுக் கழுவினாள். மலை முட்டையை உடைத்தாள். உள்ளங்கையில் மஞ்சள் நின்றது, விரல் இடுக்கில் வெள்ளை வழிந்தது. மிஷினைப் போட்டாள். நாங்கள் மூன்று பேரும் கிண்ணத்தையே பார்த்தோம். முதலில் குமிழி, பிறகு பால், பிறகு நுரை. நுரை தடித்தது, நின்றது. மிஷினைத் தூக்கினால் அதனோடு மூக்கு மாதிரி ஏறி நின்றது. அவள் கிண்ணத்தை அப்படியே தலைகீழாகக் கவிழ்த்துப் பிடித்தாள். ஒரு பொட்டு விழவில்லை.

அவளுக்கு அதோடு போதவில்லை. என் மருமகள்தானே, நம்பமாட்டாள். வேறொரு கிண்ணத்தைக் கழுவி அம்மா முட்டையை உடைத்து அடித்தாள். அது கஞ்சித் தண்ணீராகச் சுற்றிக்கொண்டு கிடந்தது. மிஷினை நிறுத்தினாள்.

அன்று சுட்ட விரல்கள் குண்டு குண்டாக எழும்பி, மேலே சர்க்கரை வெடித்து, நல்ல பூசணிப்பூ நிறத்தில் வந்தன. தீபாவளிக்குக் கடைக்காரர் கேட்டதை எல்லாம் இந்த வீட்டிலிருந்தே கொடுத்தோம். ஓவன் இங்கேயே இருக்கிறது. பேத்தியின் பள்ளிக்கூடத்தைப் பற்றிப் பிறகு யாரும் பேசவில்லை. கறுப்புப் பெட்டைக்கு மலை முட்டையை வைத்தேன், கோடு போட்டுத்தான்.

மருமகள் என்னிடம் மன்னிப்பு எதுவும் கேட்கவில்லை. நானும் எதிர்பார்க்கவில்லை. அந்த விரல்கள் சுட்ட மறுநாள் காலை மாட்டுக்கொட்டகையில் தேடினால், வேப்பெண்ணெய் பாட்டிலைக் காணோம். என்ன செய்தாளோ என்று உள்ளே வந்தேன். என் கட்டிலுக்குக் கீழே, பழைய இடத்திலேயே வைத்திருந்தாள். அடுப்படிக்குப் போனேன். கிண்ணம் மேடைமேல் கவிழ்ந்து கிடந்தது. துணி சுற்றவில்லை. பக்கத்தில் எனக்குக் காபி, தட்டில் இரண்டு விரல்.

ஆனாலும் எனக்கு முழுசாக ஆறவில்லை. அன்று சாயங்காலம் மருமகள் அவள் அம்மாவுக்குப் போன் போட்டாள். ஸ்பீக்கரில் போடவில்லை. மாட்டுக்கொட்டகை வரைக்கும் நடந்து போய்ப் பேசினாள். என்ன பேசினாள் என்று தெரியாது. அடுத்த கூடை வந்தபோது முட்டைகள் தவிட்டுக்குள் இருந்தன, எண்ணெய் இல்லை. நான் கோடு போட்டுப் பார்த்தேன். இப்போதும் ஒவ்வொரு கூடையிலும் போட்டுப் பார்க்கிறேன்.

சம்பந்திக்குத் தெரியாது என்றுதான் மருமகள் சொல்கிறாள். பஸ் சூட்டுக்குப் பயந்து, மகள்மேல் இருக்கிற ஆசையில் தடவினாளாம். இருக்கலாம். அவள் தடவினபோது கையை ஒளிக்கவில்லை, என் முன்னாலேயே தடவினாள். அதையும் யோசித்தேன். ஆனால் 'இங்க வந்து சுடு, எப்டி எழும்புது பாரு' என்றாளே. அங்கே போய்ச் சுட்டால் முட்டை பஸ் ஏறாது. பஸ் ஏறாத முட்டைக்கு எண்ணெய் எதற்கு? அங்கே எழும்பியிருக்கும். ஊர் என்ன சொல்லியிருக்கும்? பிறந்த வீட்டில் எழும்புகிறது, புகுந்த வீட்டில் படுக்கிறது என்று சொல்லியிருக்கும். தெரிந்து சொன்னாளா, தெரியாமல் சொன்னாளா என்பது அவளுக்கும் அவள் எண்ணெய்க் கிண்ணத்துக்கும்தான் தெரியும். பொங்கலுக்கு வருவாள். அப்போது அவள் கண்ணைப் பார்த்துக் கேட்பேன். வாயால் கேட்கமாட்டேன். இரண்டு விரலைத் தட்டில் வைத்து நீட்டுவேன்.

அவ்வளவுதான். இன்னாடி, அதுக்குள்ள பேனாவ மூடற? மேலேர்ந்து படி. ஒங்கம்மா போன்ல பேசன எடத்துல முழுங்காம படி. நான் கேட்டுக்கினு இருக்கறேன். வுட்டிருந்தா எனக்குத் தெரியும்.